மகளிர் சங்கத்திற்கு வாங்கிய மைக்செட்: எட்டு மாதப் பயன்பாட்டிற்குப் பின்

பெங்களூரில் லிங்கராஜபுரத்தை ஒட்டிய தெருக்களில் வசிக்கும் தமிழ்ப் பெண்கள் சேர்ந்து நடத்தும் சிறிய சங்கம் எங்களுடையது. அதற்காக, இரண்டு கார்ட்லெஸ் மைக்குகளுடன் வரும் 12 அங்குல ட்ராலி ஸ்பீக்கர் ஒன்றை 9,600 ரூபாய் கொடுத்து வாங்கினோம். பொருளாளர் என்ற முறையில் அந்தச் செலவுக்குக் கணக்குச் சொல்ல வேண்டியவள் நான். வாங்குவதற்கு முன் இவ்வகை ஸ்பீக்கர்களைப் பற்றி எழுதப்பட்டிருந்த மதிப்புரைகளைத் தேடிப் படித்தேன். பிறந்தநாள் விழாவில் பாட்டு எப்படி அதிர்கிறது, மொட்டை மாடிக் கரோக்கிக்கு எக்கோ எவ்வளவு இனிமை என்றெல்லாம் எழுதியிருந்தார்கள். நாற்பது பெண்கள் கூடிப் பேசவும், தண்ணீர் வராததைப் பொறியாளரிடம் முறையிடவும் இந்தப் பெட்டி உதவுமா என்பதற்கு ஓர் இடத்திலும் விடை இல்லை. எட்டு மாதம் இதைப் பயன்படுத்தியதில் நான் கண்டதை அந்தக் கேள்வியை மனத்தில் வைத்தே எழுதுகிறேன். பெட்டியில் ஒட்டியிருக்கும் பெயரை எழுதப்போவதில்லை. ஒரே தொழிற்சாலையின் பெட்டிக்குப் பத்துப் பெயர் ஒட்டி விற்கும் சந்தை இது.

முன்பெல்லாம் மாதக் கூட்டம் நடக்கும் கோயில் மண்டபத்துக்கு மைக்செட்டை வாடகைக்கு எடுப்போம். ஒரு மாலைக்கு 1,200 ரூபாய். அதனுடன் ஓர் ஆபரேட்டர் பையனும் வருவான். மைக் யார் கையில் இருந்தாலும் சத்தம் அவன் கையில்தான் இருந்தது. ஒருத்தி சற்று நீட்டிப் பேசினால் மெல்லக் குறைப்பான். இரண்டு பேர் ஒரே நேரத்தில் பேசினால் இருவரையும் நிறுத்திவிட்டுப் பக்திப் பாட்டைப் போட்டுவிடுவான். காசு கொடுத்து அழைத்தவர்கள் நாங்கள்தான் என்பதை அவனுக்கு நினைவூட்டவே பாதிக் கூட்டம் போய்விடும்.

சொந்தமாக ஒன்று தேவை என்ற எண்ணம் வலுத்ததற்கு ஊர் நிலவரமும் ஒரு காரணம். பெங்களூர் மாநகராட்சிக்கு 2015இல் தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றத்தின் காலம் 2020 செப்டம்பரில் முடிந்தது. அதன் பிறகு ஐந்து ஆண்டுகளுக்கு மேல் தேர்தல் இல்லை. 2025 செப்டம்பரில் மாநகராட்சியே ஐந்தாகப் பிரிந்தது. கர்நாடகத்தில் உள்ளாட்சி இடங்களில் பாதி பெண்களுக்கு என்பது சட்டம். மன்றமே இல்லாதபோது அதில் பாதி என்பதற்கு என்ன பொருள்? வாசலில் போய் நின்று பேச ஒரு கார்ப்பரேட்டர், அதாவது வார்டு கவுன்சிலர், இல்லாததால், சாக்கடை அடைப்பிலிருந்து தெருவிளக்கு வரை ஒவ்வொன்றுக்கும் நேரே அதிகாரியிடம் போக வேண்டியதாயிற்று. ஒருத்தி தனியாகப் போனால் நாளை வா என்பார்கள். நாற்பது பேர் கூடி அதிகாரியை வரவழைத்தால் கேட்டுக்கொள்வார்கள். மேலே சட்டமன்றத்தைப் பார்த்தாலும் 2023 தேர்தலில் 224 இடங்களில் வென்ற பெண்கள் 10 பேர்தான். ஆகவே, எங்கள் பேச்சை நாங்களே ஒலிபெருக்கிக்கொள்ள வேண்டியிருந்தது என்று சொன்னால் அது வெறும் சிலேடை அல்ல.

மின்னணுச் சாமான் கடைகள் நிறைந்த எஸ்.பி. ரோட்டில் ஐந்தாறு கடைகள் ஏறி இறங்கினோம். ஒரு கடைக்காரர், பெட்டியைப் போட்டுக் காட்டும் முன், வீட்டில் சார் யாராவது வருவார்களா என்று கேட்டார். அங்கிருந்து வெளியே வந்துவிட்டோம். வாங்கிய கடையில் பொறுமையாகக் காட்டினார்கள். ஆனால் எல்லாக் கடைகளிலும் ஒலியைச் சோதிக்கப் போட்டது பாட்டுதான். பேச்சுக்காக வாங்குகிறவர்கள் பாட்டைக் கேட்டு முடிவு செய்யக் கூடாது. மைக்கைக் கையில் வாங்கிக் கடை வாசலில் நின்று பேசிப் பார்க்க வேண்டும். அட்டைப்பெட்டியில் ஆயிரக்கணக்கில் அச்சிட்டிருக்கும் பி.எம்.பி.ஓ. வாட் கணக்கையும் பொருட்படுத்த வேண்டாம்; அது கண நேர உச்சத்தைக் காட்டும் விளம்பர எண். பெட்டி தொடர்ந்து தரக்கூடிய சக்தியான ஆர்.எம்.எஸ். வாட் எவ்வளவு என்று கேளுங்கள். எங்களுடையது 40 என்றார்கள். மண்டபத்துக்கு அதுவே மிகுதி.

முதல் கூட்டத்தில் பெட்டி எங்களை ஏமாற்றிவிட்டது என்றே நினைத்தேன். சத்தம் நிறைய இருந்தது; சொல் விளங்கவில்லை. பின்வரிசையில் இருந்தவர்களுக்கு, கிணற்றுக்குள்ளிருந்து யாரோ அழைப்பதுபோல் கேட்டிருக்கிறது. காரணம் புரிய இரண்டு மாதம் பிடித்தது. ஆண் குரலின் அடிப்படை அதிர்வு ஏறத்தாழ 85 முதல் 155 ஹெர்ட்ஸ் வரை. பெண் குரலினுடையது 165 முதல் 255 வரை. ஒரு சொல்லை இன்ன சொல் என்று பிரித்துக் காட்டும் ச, ஷ, த போன்ற மெய்யொலிகளின் கூர்மையோ 2,000 ஹெர்ட்ஸுக்கு மேல் இருக்கிறது. இந்தப் பெட்டிகள் சினிமாப் பாட்டுக்காகச் செய்யப்படுபவை என்பதால், பேஸ் எனப்படும் கனத்த அடியொலி தூக்கலாகவும் எக்கோ பாதி திருகியபடியும் வருகின்றன. கனத்த ஆண் குரல் இதில் இன்னும் கனமாகிக் கம்பீரமாகத் தோன்றும். பெண் குரலில் உயிரெழுத்துகள் மட்டும் மிதந்து மெய்யெழுத்துகள் கரைந்துவிடும். பிறகு, 'எங்களுக்கு ஒன்றும் புரியவில்லையம்மா' என்பார்கள். பேசியவள் தனக்குப் பேச வரவில்லை என்று நினைத்துக்கொள்வாள்.

தீர்வு எளிது. எக்கோவை முற்றிலும் பூஜ்யத்தில் வையுங்கள். பேஸை முக்கால் பங்கு இறக்குங்கள். கூர்மையான மேலொலிகளுக்கான ட்ரெபிளை நடுவுக்குச் சற்று மேலே ஏற்றுங்கள். மூன்று திருகுகளையும் சரியான இடத்தில் வைத்து, அந்த இடத்தில் நெயில் பாலிஷால் புள்ளி வைத்துவிட்டோம். அதன் பின் கடைசி வரிசையில் இருந்த பாட்டிக்கும் எண், தேதி உட்பட எல்லாம் விளங்கியது. நூறு மதிப்பெண்ணுக்கு நாற்பது வாங்க இருந்த பெட்டி, இந்த மூன்று திருகுகளால் எழுபத்தைந்துக்கு உயர்ந்துவிட்டது.

மைக்கைப் பிடிக்கும் முறையும் யாரும் சொல்லித்தராத ஒன்று. பெண்களில் பலர் மைக்கைக் கொடுத்ததும் அதை மார்புக்கு நேரே தாழ்த்தி, ஏதோ கடன் வாங்கிய பொருள்போல் பிடிக்கிறார்கள். வாய்க்கும் மைக்குக்கும் உள்ள தூரம் இரு மடங்கானால் ஒலி 6 டெசிபல் குறையும். நான்கு மடங்கானால் 12. அதை ஈடுகட்டப் பெட்டியில் சத்தத்தைக் கூட்டினால் உடனே அது ஊளையிடும். ஊளையிட்டதும் பேசுகிறவள் பயந்து மைக்கை இன்னும் தள்ளிப் பிடிப்பாள். மைக்கின் வலைத்தலையைக் கையால் மூடிப் பிடித்தாலும் இதே கதிதான். உதட்டிலிருந்து மூன்று விரல் தூரம், தண்டின் நடுவில் பிடி: இதைக் கூட்டத்தின் தொடக்கத்தில் ஒரு நிமிடம் செய்து காட்டுகிறோம். (ஸ்பெஷல் நாடக மேடைகளில் மைக் இல்லாமலே கடைசி ஆள் வரை பாடிக் கேட்க வைத்த கே.பி. சுந்தராம்பாள் 1937 தேர்தலில் காங்கிரசுக்காக ஊர் ஊராகப் பாடிப் பிரசாரம் செய்தவர். பின்னாளில் சென்னை மேலவைக்கும் போனார். அந்தத் தொண்டை எல்லோருக்கும் வாய்ப்பதில்லை.)

இந்தப் பெட்டியில் எனக்கு மிகப் பிடித்தது இரண்டாவது மைக். ஒரு மைக் இருக்கும் வரை கூட்டம் என்பது ஒருவர் பேச மற்றவர் கேட்பது. இரண்டாவது மைக் வரிசைக்குள் கை மாறத் தொடங்கியதும், எழுந்து முன்னால் வரத் தயங்கியவர்கள் உட்கார்ந்த இடத்திலிருந்தே பேசினார்கள். தர்மபுரிப் பக்கமிருந்து கட்டட வேலைக்காக முப்பது ஆண்டுகளுக்கு முன் வந்த ஓர் அம்மா, இத்தனை காலமும் எங்கள் கூட்டத்தில் தேநீர் ஊற்றிக் கொடுத்ததைத் தவிர வாய் திறந்தவர் அல்லர். மைக் அவர் பக்கம் போனபோது, 'எனக்கு ஓட்டு இன்னும் ஊர்லதான் இருக்குதும்மா, இங்க மாத்த முடியுமா?' என்று கேட்டார். அந்தக் கேள்வி வந்ததும் மேலும் பதினோரு பேர் கை தூக்கினார்கள். கல்யாணமாகி ஓசூர், கிருஷ்ணகிரி, வேலூர்ப் பக்கங்களிலிருந்து வந்தவர்கள்; பெயர் அங்கே, வாழ்வு இங்கே. வீடு மாறியவர்கள் 2022 ஆகஸ்டு முதல் படிவம் 8ஐக் கொடுத்தால் போதும். புதிதாகப் பெயர் சேர்ப்பவர்களுக்குத்தான் படிவம் 6 என்பதை அன்றே விளக்கினோம். அடுத்த இரண்டு ஞாயிறுகளும் மண்டபத்தில் அந்தப் படிவங்களை நிரப்பும் வேலைதான் நடந்தது.

இரு மைக்குகளும் யு.எச்.எஃப். அலைவரிசையில் வேலை செய்கின்றன. விலை குறைந்த வி.எச்.எஃப். மைக்குகள் பெரும்பாலும் ஒரே நிலையான அலைவரிசையில் இருப்பதால், பக்கத்துத் தெரு விழாவில் அதே வகைப் பெட்டி இருந்தால் அவர்கள் பேச்சு உங்கள் ஸ்பீக்கரில் ஒலிக்கக்கூடும். முப்பது மீட்டர் எட்டும் என்று அட்டையில் போட்டிருக்கிறார்கள். நடுவில் மனிதர்கள் உட்கார்ந்திருந்தால் பதினைந்துக்கு மேல் விட்டு விட்டுத்தான் வருகிறது. மண்டபத்துக்கு அது குறையாகத் தெரியவில்லை.

'மைக் ப்ரையாரிட்டி' என்று ஒரு பொத்தான் இருக்கிறது. மைக்கில் பேசத் தொடங்கினால் ஓடிக்கொண்டிருக்கும் பாட்டைத் தானாகவே தாழ்த்தும். பாட்டைத்தான் தாழ்த்தும், இன்னொரு மைக்கைத் தாழ்த்தாது. இதை நாங்கள் அறிந்துகொண்டது, தண்ணீர்ப் பிரச்சினைக்காக ஒரு துறையின் பொறியாளரைத் தெருவுக்கே அழைத்திருந்த நாளில். எங்கள் தலைவி தமிழில் மூன்று விஷயங்களைச் சொன்னார்: காவிரித் தண்ணீர் வரும் நேரம் நள்ளிரவாக இருப்பது, அழுத்தம் இல்லாததால் தெருக்கோடி வீடுகளுக்கு ஏறாதது, வால்வு திறப்பவர் ஆள் பார்த்துத் திறப்பது. உதவிக்கு என்று வந்து நின்ற தெருப் பெரியவர் ஒருவர் இரண்டாவது மைக்கை எடுத்து, அதைக் கன்னடத்தில் பொறியாளருக்கு ஒரே வாக்கியமாகச் சுருக்கினார்: இவர்களுக்குத் தண்ணீர் போதவில்லையாம். மூன்றாவது விஷயம், அதாவது வால்வு, காற்றோடு போயிற்று. பொறியாளரும் கோடைக்காலத்தைப் பற்றி ஒரு விளக்கம் கொடுத்துவிட்டுப் புறப்பட எழுந்தார்.

அந்த மாலைக்குப் பின் எங்களுக்குள் ஒரு விதி உண்டாயிற்று. அதிகாரி வரும் கூட்டங்களில் இரண்டாவது மைக், கன்னடம் சரளமாகப் பேசும் எங்கள் உறுப்பினர் ஒருத்தியின் கையில்தான் இருக்கும். தமிழில் ஒரு வாக்கியம் முடிந்ததும் அவள் அதை முழுவதுமாகக் கன்னடத்தில் சொல்வாள். வீட்டு வேலை செய்து நான்கு மொழி கற்றவள் அவள். அடுத்த முறை வந்தபோது பொறியாளர் வால்வைப் பற்றிக் கேள்வி கேட்டார். பெயர்ப் பட்டியல் எழுதிக்கொண்டார். தண்ணீர் நேரம் மாறியது. வால்வுக்காரர் இன்னும் மாறவில்லை. வார்டு வேலைகளைக் கவனிக்க வார்டு கமிட்டி என்று ஒரு குழு இருந்த காலத்தில், பத்து நியமன உறுப்பினர்களில் குறைந்தது மூவர் பெண்களாக இருக்க வேண்டும் என்று விதி இருந்தது. அப்படி நியமிக்கப்பட்ட ஒருவர் எங்கள் சங்கத்திலும் உண்டு. கமிட்டிக் கூட்டத்தில் தனக்கு நாற்காலி எப்போதும் கிடைத்தது, மைக் இரண்டு முறைதான் கிடைத்தது என்பார்.

பெட்டியை இயக்குவது யார் என்பதையும் வாங்கும்போதே முடிவு செய்துவிடுவது நல்லது. முதல் மூன்று மாதம் ஓர் உறுப்பினரின் மகன் இயக்கினான். நல்ல பையன், குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் அவன் தேர்வுக்குப் படிக்கிற வாரம் கூட்டத்தையே தள்ளி வைக்க நேர்ந்தபோது விழித்துக்கொண்டோம். கார்மென்ட்ஸில் தையல் மெஷின் ஓட்டும் ஒருத்தி இரண்டே மாலைகளில் கற்றுக்கொண்டு, இப்போது மற்றவர்களுக்கும் கற்றுத்தருகிறாள். விசைகளின் பெயர்கள் ஆங்கிலத்தில் மட்டுமே இருப்பதால், வெள்ளை டேப்பில் தமிழில் எழுதி ஒட்டியிருக்கிறோம்.

எதிர்பாராத பயன் ஒன்று பதிவு வசதி. பென் டிரைவைச் செருகி ஒரு பொத்தானை அழுத்தினால் மைக்கில் பேசுவதெல்லாம் பதிவாகிவிடும். கூட்டக் குறிப்பை எழுதும்போது யார் என்ன ஒப்புக்கொண்டார் என்பதில் இனிச் சண்டை இல்லை. அதிகாரி ஒருவர், அடுத்த வாரம் முடித்துத்தருகிறேன் என்று தாம் சொல்லவில்லை என்றபோது, அவர் குரலையே அவருக்குப் போட்டுக் காட்டினோம். அவர் சிரித்துவிட்டார், வேலையும் நடந்தது. ஆனால் அதே பதிவு எங்களுக்கும் ஒரு செய்தி வைத்திருந்தது. பொதுக்கூட்டம் ஒன்றின் பதிவை நானும் செயலாளரும் கடிகாரத்துடன் உட்கார்ந்து கேட்டோம். வந்திருந்தவர்களில் ஆண்கள் ஐந்து பேர்தான். நேரத்தில் பாதிக்கு மேல் அவர்கள் குரலாகவே இருந்தது. இன்னும் உறுத்தியது, பெண்கள் பேசிய நேரத்தில் பெரும்பகுதி என் குரல் என்பது. பதிவு செய்வதாக முன்கூட்டியே அறிவித்துவிட்டுத்தான் பொத்தானை அழுத்த வேண்டும் என்பதையும் இங்கே சொல்லிவிடுகிறேன். வீட்டு விவகாரம் பேசும் நாளில் பென் டிரைவைக் கழற்றி என் பையில் போட்டுக்கொள்கிறேன்.

குறைகளுக்கு வருகிறேன். பெட்டியின் எடை 14 கிலோ. சக்கரம் சமதரையில் ஓடும். எங்கள் தெருவின் தரையோ சமதரை இல்லை. ஆட்டோவில் ஏற்ற இருவர் வேண்டும். தெருமுனையில் திடீரென்று கூட வேண்டிய நாளில் இது கைகொடுக்காது. கார்மென்ட்ஸ் ஆலைகள் உள்ள பொம்மனஹள்ளியில் அப்போது வேலை பார்த்த உறுப்பினர் ஒருவர் 2016 ஏப்ரலைப் பற்றிச் சொல்வார். வருங்கால வைப்பு நிதியை எடுப்பதற்கு மத்திய அரசு விதித்த புதிய கட்டுப்பாட்டை எதிர்த்து, பெரும்பாலும் பெண்களான கார்மென்ட்ஸ் தொழிலாளர்கள் ஆயிரக்கணக்கில் சாலையில் இறங்கிய இரண்டு நாட்கள் அவை. ஏப்ரல் 19ஆம் தேதி அரசு அந்த ஆணையை விலக்கிக்கொண்டது. மைக் எதுவும் இல்லை, முன்வரிசையில் சொன்னது பின்னால் வாய்வழியாகப் போய்ச் சேரும்போது வேறாகியிருக்கும் என்கிறார் அவர். அப்படிப்பட்ட இடத்துக்குத் தோளில் தொங்கும் சிறிய ஸ்பீக்கர்தான் ஏற்றது. ட்ராலி வகை, உட்கார்ந்து பேசும் கூட்டத்துக்கு.

மின்கலம் ஆறு மணி நேரம் வரும் என்றார்கள். புதிதில் நான்கு வந்தது, இப்போது மூன்று. உள்ளே இருப்பது 12 வோல்ட் ஈய அமில பேட்டரி. இதைத் தீர்ந்த நிலையில் ஒரு வாரம் கிடக்கவிட்டால் ஆயுள் போய்விடும். கூட்டம் முடிந்த அன்றிரவே சார்ஜில் போட வேண்டும். எங்கள் பேட்டரி தளர்ந்ததற்குப் பாதிப் பழி எங்களுடையது. முன்பக்கத்து வண்ண விளக்குகளைத் தனியாக அணைக்க வழியில்லை. மறைந்த உறுப்பினர் ஒருவருக்கு இரங்கல் கூட்டம் நடத்தியபோது, ஒவ்வொரு சொல்லுக்கும் சிவப்பும் நீலமும் துள்ளிக் குதித்ததைப் பார்க்க முடியாமல் ஒரு துண்டைப் போட்டு மூடினோம். இலவசமாக வந்த தலை மைக் கொண்டைக்கும் பூவுக்கும் கம்மலுக்கும் நடுவே நிற்பதில்லை; அது யார் தலையை அளந்து செய்யப்பட்டதோ தெரியவில்லை. உத்தரவாதம் ஓர் ஆண்டு. மைக்குக்குக் கிடையாது என்பதை ரசீதின் பின்பக்கத்தில்தான் எழுதியிருக்கிறார்கள்.

அனுமதி பற்றியும் சொல்ல வேண்டும். 2000ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகளின்படி பொது இடத்தில் ஒலிபெருக்கி வைக்க எழுத்து மூலமான அனுமதி தேவை. இரவு 10 மணி முதல் காலை 6 மணி வரை திறந்த வெளியில் பயன்படுத்தக் கூடாது. குடியிருப்புப் பகுதிக்குப் பகலில் 55 டெசிபல் வரம்பு. திருவிழாவுக்கு விடியவிடிய அலறும் குழாய்களைப் பற்றி வாய் திறவாத தெருவில், மாலை ஏழு மணிக்குப் பெண்கள் மைக்கில் பேசினால் மட்டும் விதி நினைவுக்கு வருபவர்கள் உண்டு. ஆகவே ஒவ்வொரு வெளிக் கூட்டத்துக்கும் காவல் நிலையத்தில் கடிதம் கொடுத்து, நகலில் முத்திரை வாங்கி, அதை ஸ்பீக்கரின் முதுகிலேயே ஒட்டி வைக்கிறோம்.

நாற்பது முதல் நூறு பேர் வரை கூடும் மகளிர் குழுக்கள், சுய உதவிக் குழுக்கள் இந்த விலைக்கு இந்த வகையைத் தயங்காமல் வாங்கலாம். வாடகையோடு ஒப்பிட்டால் எட்டுக் கூட்டங்களில் முதல் திரும்பிவிட்டது. எங்கள் அடுத்த செலவு, நாலரை அடி உயரத்துக்குக் கீழேயும் இறங்கும் ஒரு மைக் ஸ்டாண்டு. மண்டபத்தில் இருக்கும் ஸ்டாண்டு ஆறடி ஆளுக்கு நிறுத்தித் துருவேறி இறுகிவிட்டது. பெட்டிக்கு ஒரு கித்தான் உறை தைத்தாகிவிட்டது. அதில் விளக்குகளை மறைக்க ஒரு மடிப்பும், மைக்குகளுக்கான பென்சில் செல் நான்கு வைக்க ஒரு பையும் உண்டு. சென்ற மாதம் செல் தீர்ந்து கூட்டம் அரை மணி நேரம் நின்றதற்கு என்னைத்தான் திட்டினார்கள், அதுவும் இரண்டாவது மைக்கில்.